லாங் வேலியின் பின்லாந்தியர் கல்லறை: அந்த நிலம் யாருடையது?

அமெரிக்காவின் ஐடஹோ மாநிலத்திலுள்ள மெக்கால் ஊருக்குச் சென்றுவந்த வாசகர் ஒருவர், ஊருக்குத் தெற்கே லேக் ஃபோர்க் அருகில், மேய்ச்சல் நிலங்களின் நடுவே ஒரு சிறிய வெள்ளை மரத் தேவாலயத்தையும் அதையொட்டிய கல்லறைத் தோட்டத்தையும் கண்டதாகவும், கற்களில் இருந்த பெயர்களில் பாதியை வாய்விட்டுச் சொல்லவே வரவில்லை என்றும் எழுதியிருக்கிறார். அவர் கேட்பவை மூன்று. இவர்கள் யார்? சுற்றிலும் பொதுக் கல்லறைகள் இருக்க, தங்களுக்கென்று ஒன்றை ஏன் அமைத்துக்கொண்டார்கள்? அந்தக் கல்லெழுத்துகளை எப்படிப் படிப்பது?

அவர் பார்த்தது லாங் வேலி பின்லாந்தியர் தேவாலயமும் அதன் கல்லறையும். முதல் கேள்விக்கும் மூன்றாம் கேள்விக்கும் தகவல்களைக் கொண்டே பதில் சொல்லிவிடலாம். இரண்டாவது கேள்விதான் சற்று ஆழமானது. இத்தகைய கல்லறைகளைப் பற்றி எழுதுவோர் பெரும்பாலும் ‘தாய்நாட்டு ஏக்கம்’, ‘ஒற்றுமை’ என்ற இரண்டு சொற்களோடு நின்றுவிடுகிறார்கள். என் கணிப்பில், ஏக்கத்தைவிட நிலவுரிமையும், ஒற்றுமையைவிடப் பிணக்கும்தான் இக்கல்லறைகளின் வரலாற்றை நமக்கு நன்றாக விளக்குகின்றன.

லாங் வேலி என்பது பேயட் ஆற்றின் வடகிளை ஓடும் நீண்ட பள்ளத்தாக்கு. கடல்மட்டத்திலிருந்து ஏறத்தாழ 5,000 அடி உயரத்தில் இருப்பதால் அங்கே பனிக்காலம் நீளம், பயிர்க்காலம் குறைவு. ஷோஷோனி, நெஸ் பெர்ஸ் மக்கள் கோடையில் மீன்பிடிக்கவும் வேட்டையாடவும் வந்துபோன நிலம் அது. பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியிலும் அடுத்த நூற்றாண்டின் தொடக்கத்திலும் பின்லாந்தியக் குடும்பங்கள் அங்கே வந்து சேர்ந்தன. 1862ஆம் ஆண்டின் குடியிருப்பு நிலச் சட்டம், 160 ஏக்கர் வரையிலான அரசு நிலத்தில் ஐந்தாண்டுகள் குடியிருந்து பயிர்செய்தவருக்கு அந்த நிலத்தையே உரிமையாக்கியது. நல்ல நிலங்களை முன்னால் வந்தவர்கள் எடுத்துக்கொண்டுவிட்ட காலத்தில் வந்தவர்கள் இவர்கள். மிச்சமிருந்த குளிர்ப் பள்ளத்தாக்குகளும் காடு வெட்டிய கட்டாந்தரைகளுமே இவர்களுக்குக் கிடைத்தன. ஆனால் பின்லாந்தின் வடமேற்கிலிருந்து வந்தவர்களுக்குப் பனியும் பைன் மரமும் புல்வெளியும் புதியவை அல்ல. வைக்கோலும் பால்மாடும் வைத்துப் பிழைக்கும் வித்தை அவர்கள் கைவசம் இருந்தது.

அவர்கள் ஏன் புறப்பட்டார்கள் என்பதையும் சொல்லிவிட வேண்டும். 1809 முதல் 1917 வரை பின்லாந்து ரஷ்யப் பேரரசின் ஆட்சிக்கு உட்பட்ட ஒரு தன்னாட்சிப் பகுதியாக இருந்தது. 1860களிலிருந்து முதல் உலகப் போர் வரை ஏறத்தாழ 3 லட்சம் பேர் அங்கிருந்து வட அமெரிக்காவுக்குக் கப்பலேறினார்கள். அவர்களில் பெரும்பாலோர் பொஹ்யன்மா என்னும் மேற்குக் கடற்கரைப் பகுதியினர். பண்ணை பெரும்பாலும் ஒரு வாரிசிடமே போய்ச் சேர, மற்ற பிள்ளைகள் ‘தோர்ப்பாரி’ எனப்படும் குத்தகைக் குடிகளாகவோ கூலிகளாகவோ ஆனார்கள். 1866 முதல் 1868 வரை நீடித்த பெரும்பஞ்சம் நிலமற்றவர்களின் நிலை எவ்வளவு நிலையற்றது என்பதைக் காட்டிவிட்டது. 1901ஆம் ஆண்டின் ரஷ்ய ராணுவ ஆள்சேர்ப்புச் சட்டம் இளைஞர்கள் பலரை விரட்டியது. அமெரிக்காவில் அவர்கள் முதலில் இறங்கியது பெரும்பாலும் சுரங்கங்களில்: மிச்சிகனின் செம்புச் சுரங்கங்கள், மினசோட்டாவின் இரும்புச் சுரங்கங்கள், வயோமிங், மொன்டானா மாநிலங்களின் நிலக்கரிச் சுரங்கங்கள். அங்கே கூலியைச் சேர்த்து நிலம் பிடிப்பதுதான் பலருடைய திட்டம். நாட்டுப்புறக் கல்லறை என்பது அந்தத் திட்டம் நிறைவேறிய இடங்களில் மட்டுமே எழக்கூடியது. சுரங்க ஊரில் இறந்தவர்கள் அந்த ஊரின் பொதுக் கல்லறையில், பிற நாட்டவரோடு கலந்து கிடக்கிறார்கள்.

இனி இரண்டாவது கேள்வி. பின்னிஷ் மொழியில் கல்லறைக்கு இரண்டு சொற்கள் உண்டு. ஒன்று ‘கிர்க்கோமா’, நேர்பொருள், கோயில் நிலம். மற்றொன்று ‘ஹௌதௌஸ்மா’, புதைக்கும் நிலம். இந்த இரண்டாவது சொல் நம் ‘இடுகாடு’ என்ற சொல்லுக்கு மிக அருகில் வருகிறது. பேச்சில் இரண்டும் ஒன்றுக்கொன்று பதிலாக வழங்குவதுண்டு என்றாலும், குடியேறிகளின் வரலாற்றைப் பொறுத்தவரை இந்த வேறுபாட்டில்தான் எல்லாமே அடங்கியிருக்கிறது.

பின்லாந்தில் ஒருவர் பிறக்கும்போதே ஒரு லூத்தரன் பங்கின், அதாவது லூத்தரன் திருச்சபை வட்டாரத்தின், உறுப்பினராகப் பிறந்தார். அவருடைய பிறப்பு, எழுத்தறிவுத் தேர்வு, திருவிருந்து, திருமணம், இடப்பெயர்ச்சி, இறப்பு ஆகிய அனைத்தையும் பங்குப் போதகர் ஏட்டில் எழுதினார். இறந்தால் புதைக்க இடம் எது என்ற கேள்வியே அங்கே எழுவதில்லை, ஏனெனில் பங்குக் கோயிலின் நிலம் இருந்தது. ஏழையாயினும் செல்வராயினும் அந்த வேலிக்குள் ஓர் ஆறடி உண்டு. அமெரிக்காவிலோ அரசுக்குச் சபை இல்லை, சபைக்கு அரசின் நிலமும் இல்லை. புதிதாகக் குடியேறிய பள்ளத்தாக்கில் முதல் சாவு விழுந்தபோதுதான், இதுவரை யாரோ பார்த்துக்கொண்டிருந்த ஒரு பொறுப்பு இப்போது தம் தலையில் விழுந்திருக்கிறது என்பது அவர்களுக்கு உறைத்திருக்கும். அந்த முதல் சாவு பல இடங்களில் ஒரு கைக்குழந்தையினுடையதாகவோ பிரசவத்தில் இறந்த தாயினுடையதாகவோ இருந்தது.

ஆகவே கல்லறை அமைப்பது என்பது பக்திச் செயலாகும் முன்பே ஒரு பத்திரப்பதிவு வேலையாக இருந்தது. யாராவது ஒரு விவசாயி தன் நிலத்தின் ஒரு மூலையை எழுதிக் கொடுக்க வேண்டும், அல்லது பலர் சேர்ந்து வாங்க வேண்டும். அதைத் தனி ஒருவர் பெயரில் வைக்காமல் அறங்காவலர் சிலர் பெயரிலோ சபையின் பெயரிலோ சங்கத்தின் பெயரிலோ மாவட்ட ஆவணத்தில் ஏற்ற வேண்டும். மனைகளைப் பிரித்து, யாருக்கு எது என்று ஒரு வரைபடமும் வைத்துக்கொள்ள வேண்டும். இடத் தேர்விலும் கணக்கு இருந்தது. தண்ணீர் தேங்காத, மணற்பாங்கான மேடு வேண்டும். தோண்டவும் எளிதாக இருக்க வேண்டும், நல்ல உழுநிலமும் வீணாகக் கூடாது. தேவாலயத்துக்குப் பணம் சேரப் பல ஆண்டுகள் ஆகலாம், ஆனால் பிணம் காத்திருக்காது. அதனால்தான் குடியேற்ற ஊர்கள் பலவற்றில் கல்லறை தேவாலயத்துக்கு மூத்ததாக இருக்கிறது. தாய்நாட்டின் கிர்க்கோமாவில் கோயிலைச் சுற்றிக் கல்லறை வளர்ந்தது. இங்கே பல இடங்களில் கல்லறைக்குப் பக்கத்தில் கோயில் வந்து சேர்ந்தது.

லாங் வேலியில் இன்று நிற்கும் தேவாலயம் 1917இல் கட்டப்பட்டது. அந்தப் பள்ளத்தாக்கை உள்ளடக்கிய வேலி மாவட்டம் தனி மாவட்டமாகப் பிரிக்கப்பட்டதும் 1917இல்தான். அதே ஆண்டு டிசம்பர் 6 அன்று பின்லாந்து விடுதலையை அறிவித்தது. மூன்றும் ஒன்றோடொன்று தொடர்பில்லாத நிகழ்வுகள். ஆனாலும், பிறந்த நாடு ரஷ்யா என்றே பல ஆவணங்களில் எழுதப்பட்டு வந்த மக்கள், தங்கள் கோயிலின் கூரையை வேய்ந்த அதே ஆண்டில் தங்கள் நாட்டுக்கும் ஒரு பெயர் கிடைத்ததை அறிந்திருப்பார்கள். பள்ளத்தாக்கின் பின்லாந்தியக் குடியிருப்புகளில் ஒன்றின் பெயர் எலோ. 1890இல் மிச்சிகன் மாநிலத்தின் கலுமெட்டில் சுவோமி சினோது என்ற பின்லாந்திய லூத்தரன் சபைக் கூட்டமைப்பை நிறுவிய போதகர்களுள் ஒருவரும், பின்னர் அதனோடு முரண்பட்டுப் பிரிந்தவருமான எலோஹெய்மோவின் பெயரிலிருந்து அது வந்தது. பின்னிஷ் மொழியில் ‘எலோ’ என்றால் உயிர் வாழ்வு என்றும் அறுவடைத் தானியம் என்றும் பொருள்படுவதால், பெயர் வைத்தவர்கள் இரட்டைப் பொருளை உணர்ந்தே வைத்தார்கள் என்று எனக்குத் தோன்றுகிறது.

அடக்கம் எப்படி நடந்தது என்பதைத் தெரிந்துகொண்டால் கல்லறையைப் பார்க்கும் பார்வை மாறும். பின்லாந்திய விவசாயி புதிய நிலத்தில் முதலில் எழுப்பிய கட்டடம் பெரும்பாலும் சௌனா என்னும் வெந்நீராவிக் குளியல் குடில். வீடு முடியும் வரை குடும்பம் அதிலேயே குடியிருந்ததும் உண்டு. பெண்கள் பிள்ளை பெற்றது அங்கே. இறந்தவர்களின் உடலைக் கழுவித் துணி உடுத்தியதும் அங்கே. தூய்மையான, வெந்நீர் கிடைக்கிற, தனித்த இடம் அது ஒன்றுதான். சவப்பெட்டியை ஊர்த் தச்சரோ உறவினரோ செய்தார்கள். மரக்கட்டைகளின் மூலைகளை இடைவெளி தெரியாமல் பூட்டிச் சுவர் எழுப்பும் பின்லாந்திய முறைக்கு லாங் வேலியில் இன்றும் சான்றுகள் நிற்கின்றன. அந்த முறையில் கட்டிய களஞ்சியங்களையும் வீடுகளையும் ஒரு தொகுதியாகவே 1982இல் தேசிய வரலாற்று இடப் பதிவேட்டில் சேர்த்தார்கள். அந்தக் கைகள் செய்த பெட்டிகள் மண்ணுக்குள் போய்விட்டன, சுவர்கள் மட்டும் மிஞ்சியிருக்கின்றன.

குளிர்காலச் சாவு தனிச் சோதனை. தரை உறைந்துவிட்டால் மண்வெட்டி இறங்காது. வட அமெரிக்காவின் குளிர்ப் பகுதிகளில் குழி வெட்டும் இடத்தில் இரவு முழுதும் தீ மூட்டி மண்ணை இளக்குவார்கள். இல்லையேல் பெட்டியைக் குளிர்ந்த கொட்டகையில் வைத்துப் பனி உருகும் வரை காத்திருப்பார்கள். அடுத்தது போதகர். சிறிய சபைகளுக்கு நிலையான போதகரை வைத்துக்கொள்ள வசதி இல்லாததால், பல சபைகளைச் சுற்றி வரும் ஒருவர் ஆண்டுக்குச் சில முறை வந்துபோவார். இடையில் இறந்தவரை, பாட்டுப் புத்தகமும் மறைநூலும் படிக்கத் தெரிந்த ஒரு முதியவரே முன்னின்று அடக்கம் செய்வார். போதகர் வரும்போது குழியருகே ஆசி வழங்குவார். திருமணம் செய்துகொள்ளவே படிக்கத் தெரிந்திருக்க வேண்டும் என்று சபை வற்புறுத்திய நாட்டிலிருந்து வந்தவர்கள் ஆகையால், படிக்கத் தெரிந்த முதியவருக்குப் பஞ்சம் இருந்திருக்காது. படிக்கத் தெரிந்த பலருக்கு எழுதத் தெரியாது என்பதையும் இங்கேயே குறித்துக்கொள்ளுங்கள், கற்களைப் படிக்கும்போது அது உதவும்.

பிணக்கைப் பற்றிச் சொன்னேன். அமெரிக்கப் பின்லாந்தியர்கள் தங்களுக்குள்ளேயே மிகவும் பிளவுபட்டிருந்த ஒரு சமூகம். லெஸ்டாடியஸ் என்ற வட ஸ்வீடன் போதகரின் மறுமலர்ச்சி இயக்கத்தைச் சேர்ந்தவர்கள் 1870களின் தொடக்கத்திலேயே கலுமெட்டில் தனிச் சபை கண்டார்கள். அந்த வழிச் சபைகள் பின்னர் அப்போஸ்தல லூத்தரன் என்ற பெயரில் அறியப்பட்டன. அவையும் பல கிளைகளாக உடைந்தன. 1890இன் சுவோமி சினோதுக்கு எதிராக 1898இல் தேசிய சபை எழுந்தது. இவர்கள் எல்லோருக்கும் எதிர்ப்பக்கத்தில், சபையையே முதலாளிகளின் துணைக்கருவி என்று கருதிய சோசலிஸ்டுகள் இருந்தார்கள்; கோயில்காரர், செங்கொடிக்காரர் என்று ஊரே இரண்டாகப் பிரிந்து, ஒருவர் கடையில் மற்றவர் சாமான் வாங்காத ஊர்களும் உண்டு. சமூகம் அப்படிப் பிளந்தபோது கல்லறையும் பிளந்தது. ஒரே ஊராட்சியில் இரண்டு அல்லது மூன்று பின்லாந்தியக் கல்லறைகள் ஒரு மைல் இடைவெளியில் இருப்பதைக் கண்டு வியக்கிறவர்களுக்கு விடை இதுதான்.

இதன் மறுகோடியைக் காண விரும்புவோர் கனடாவின் பிரிட்டிஷ் கொலம்பியா மாகாணத்திலுள்ள மால்கம் தீவைப் பார்க்க வேண்டும். நனைமோ நிலக்கரிச் சுரங்கங்களில் உழைத்துச் சலித்த பின்லாந்தியர்கள், பத்திரிகையாளரும் நாடக ஆசிரியருமான மத்தி குரிக்காவை வரவழைத்து, ‘கலேவான் கன்சா’ என்ற குடியேற்ற நிறுவனத்தை அமைத்தார்கள். 1901 நவம்பரில் மாகாண அரசோடு உடன்பாடு கையெழுத்தானது. அவர்கள் அமைத்த பொதுவுடைமை ஊருக்குச் ‘சொயிந்துலா’ என்று பெயர்; இசைவு குடிகொண்ட இடம் என்று பொருள். குரிக்கா அமைப்புமயமான திருச்சபைகளின் கடும் எதிரி, அதனால் அந்த ஊரின் திட்டத்திலேயே கோயில் இல்லை. 1903 ஜனவரி 29 இரவு, குடும்பங்கள் பல சேர்ந்து வாழ்ந்த பெரிய மரக் கட்டடம் தீப்பிடித்து 11 பேர் இறந்தார்கள்; அவர்களில் பெரும்பாலோர் குழந்தைகள். இசைவைத் தேடி வந்த ஊரில் அதன்பின் சந்தேகமும் கடனும் வளர்ந்தன. 1904இல் குரிக்கா ஒரு பகுதியினரோடு வெளியேறினார். 1905இல் நிறுவனம் கலைக்கப்பட்டது. மீதமிருந்தவர்கள் தீவை விட்டுப் போகவில்லை. மீன்பிடித்தார்கள், 1909இல் கூட்டுறவுக் கடை திறந்தார்கள். அந்தத் தீவின் கல்லறையிலும் பின்னிஷ் பெயர்கள்தான் நிறைந்திருக்கின்றன, ஆனால் அது எந்தப் பங்குக்கும் உரிய கோயில் நிலமாகத் தொடங்கவில்லை. லாங் வேலியின் கல்லறை கிர்க்கோமா என்றால், சொயிந்துலாவினது கலப்பில்லாத ஹௌதௌஸ்மா.

இந்த இரண்டுக்கும் நடுவில், சாவு எல்லா வேலிகளையும் உடைத்த ஒரு நிகழ்வும் உண்டு. 1913 டிசம்பர் 24 அன்று கலுமெட்டில், வேலைநிறுத்தம் செய்த செம்புச் சுரங்கத் தொழிலாளரின் குடும்பங்களுக்காக இத்தாலியன் ஹால் மாடியில் கிறிஸ்துமஸ் விழா நடந்தபோது, யாரோ ‘தீ’ என்று கூவிய பொய்க் கூச்சலால் மாடிப்படியில் நெரிசல் ஏற்பட்டு 73 பேர் மூச்சுத் திணறி இறந்தார்கள். அவர்களில் பெரும்பாலோர் குழந்தைகள், மிகுதியானோர் பின்லாந்தியர். ஊரின் லேக் வியூ கல்லறையில் நீண்ட குழிகள் வெட்டி அவர்களைப் புதைத்தார்கள். அது பின்லாந்தியர் நிறுவிய கல்லறை அல்ல, நாட்டுப்புறக் கல்லறையும் அல்ல. ஆனால் அந்த வேலைநிறுத்தம் தோற்றபின் சுரங்க முதலாளிகளின் கறுப்புப் பட்டியலில் இடம்பெற்ற பின்லாந்தியர் பலர், மரம் வெட்டி முடித்த காட்டு நிலங்களை மலிவாக வாங்கி விவசாயத்துக்குப் போனார்கள். மேல் மிச்சிகனின் காட்டுச் சாலைகளில் இன்று தென்படும் பின்லாந்திய ஊர்களும் அவற்றின் கல்லறைகளும் பெருகியதற்கு அந்தக் கசப்பும் ஒரு காரணம்.

மூன்றாவது கேள்விக்கு வருகிறேன். கல் முன் நிற்கும்போது முதலில் எண்களைப் பாருங்கள். பின்லாந்தியர் நம் வழக்கம்போலவே நாள், மாதம், ஆண்டு என்ற வரிசையில் எழுதுவார்கள். அமெரிக்கர் மாதத்தை முன்னால் எழுதுவார்கள். 3.7.1912 என்பது பழைய கல்லில் ஜூலை 3 ஆக இருக்கும். அதே குடும்பத்தின் அடுத்த தலைமுறைக் கல்லில், ஆங்கில முறைப்படி அது மார்ச் 7 ஆகிவிடலாம். எண்ணுக்கு முன்னால் ஆங்கில எஸ் எழுத்து தனியாகவோ ஒரு சொல்லின் தொடக்கமாகவோ இருந்தால் பிறந்த நாள்; கே எழுத்து இருந்தால் இறந்த நாள். பெண்ணின் பெயருக்குப் பின்னால் ஓ, எஸ் என்ற இரண்டு எழுத்துகள் புள்ளிகளோடு வந்து இன்னொரு பெயர் தொடர்ந்தால், அது அவள் பிறந்த குடும்பத்தின் பெயர். ஆங்கிலக் கற்களில் பெரும்பாலும் மறைந்துபோகும் இந்தத் தகவல், பின்னிஷ் கற்களில் பொறுப்பாகப் பதிவாகியிருக்கும். ‘இசா’ என்றால் தந்தை, ‘ஐத்தி’ என்றால் தாய். ‘லெபா ரௌஹாஸ்ஸா’ என்றால் அமைதியில் இளைப்பாறு என்று பொருள். சில கற்களில் பிறந்த பங்கின் பெயரும் இருக்கும். குடும்ப வரலாறு தேடுவோருக்கு அந்த ஒற்றைச் சொல் பொன்னுக்குச் சமம்.

பெயர்களைப் படிப்பது இன்னும் சுவையானது. மேக்கி என்றால் குன்று, நியெமி என்றால் நீருக்குள் நீண்ட நிலமுனை, லாஹ்தி என்றால் குடா, கோஸ்கி என்றால் ஆற்றின் பாய்ச்சல், சாரி என்றால் தீவு, யேர்வி என்றால் ஏரி. ஆக, கல்லறை வரிசையொன்றைப் படித்துக்கொண்டே போனால் ஒரு நிலப்பரப்பே கண்முன் விரியும். மேற்கு பின்லாந்தில் குடும்பப் பெயர் என்பது பெரும்பாலும் பண்ணையின் பெயர்தான். வேறு பண்ணைக்குக் குடிபோனால் பெயரும் மாறும், மாமனார் வீட்டோடு போன மருமகன் அந்த வீட்டுப் பெயரை ஏற்பான். எல்லோருக்கும் நிலையான குடும்பப் பெயர் வேண்டும் என்று பின்லாந்தில் சட்டம் வந்தது 1920இல்தான். அதற்கு முன் கப்பலேறியவர்கள் சுரங்கத்தின் கூலிப் பட்டியலில் எந்தப் பெயரைச் சொன்னார்களோ அதுவே நிலைத்தது. மேக்கி ஆங்கிலத்தில் ஹில் ஆனார். யேர்வி லேக் ஆனார். ‘நென்’ என்று முடியும் கிழக்கத்திப் பெயர்கள் வால் அறுந்தன. அண்ணன் ஒரு பெயரிலும் தம்பி வேறொரு பெயரிலும் அருகருகே கிடப்பது இப்படித்தான் நேர்ந்தது. பின்லாந்தியர் கல்லறையில் ஜான்சன் என்ற பெயரைக் கண்டால் உடனே ஸ்வீடன்காரர் என்று முடிவுகட்டிவிடாதீர்கள்.

எழுத்துப் பிழைகளை எள்ள வேண்டாம் என்பது என் வேண்டுகோள். உயிரெழுத்தின் மேல் இருக்க வேண்டிய இரட்டைப் புள்ளி பல கற்களில் இல்லாததற்குக் காரணம், கல்கொத்தனின் ஆங்கில எழுத்து அச்சில் அது இல்லாமையாக இருக்கலாம். ‘வி’ வர வேண்டிய இடத்தில் ‘டபிள்யூ’ இருந்தால் அது பிழையே அல்ல, பழைய பின்னிஷ் அச்சு மரபு. சிமெண்டு ஈரமாக இருக்கும்போதே ஆணியால் கீறிய எழுத்துகள் உள்ள வீட்டுக் கற்களும் நாட்டுப்புறங்களில் உண்டு. படிக்கத் தெரிந்து எழுதப் பழகாத ஒரு கை, பேச்சு வழக்கில் ஒலித்தபடியே தன் மகளின் பெயரைக் கீறியிருக்கும். பளிங்கில் பொறித்த கச்சிதமான ஆங்கில வரிகளைவிட அந்தக் கீறலிடம்தான் எனக்கு அதிக மதிப்பு. இன்னொன்று: தொடக்ககாலக் குழிகளுக்கு மரச் சிலுவையோ பலகையோதான் அடையாளமாக நின்றது, அவை உளுத்துப் போய்விட்டன. ஆகவே கற்களை எண்ணி, இத்தனை பேர் புதைக்கப்பட்டார்கள் என்று கணக்குச் சொல்லக் கூடாது. கல்லறைச் சங்கத்தின் வரைபடமும் சபை ஏடும் கிடைத்தால்தான் அந்தக் கணக்கு நேராகும்.

வழக்கங்களைப் பொறுத்தவரையும் ஓர் எச்சரிக்கை. கிறிஸ்துமஸ் மாலையில் கல்லறைகளில் மெழுகுவத்தி ஏற்றுவது பின்லாந்தின் தொன்மையான மரபு என்றும், குடியேறிகள் அதைக் கொண்டுவந்தார்கள் என்றும் எழுதுவோர் உண்டு. அந்த வழக்கம் பின்லாந்திலேயே 20ஆம் நூற்றாண்டில்தான் பரவலானது. இவர்கள் அதற்கு முன்பே புறப்பட்டுவிட்டவர்கள். உண்மையிலேயே பழைய வழக்கம் வேண்டுமென்றால் ‘கர்சிக்கோ’வைச் சொல்லலாம்: பின்லாந்தின் கிழக்குப் பகுதிகளில், பிணத்தைக் கொண்டுபோகும் வழியில் ஒரு பைன் மரத்தின் கிளைகளைக் கழித்தோ பட்டையில் சிலுவை வெட்டியோ அடையாளம் வைப்பார்கள், இறந்தவரின் ஆவி வீடு திரும்ப முயன்றால் அந்த அடையாளத்தைத் தாண்டாது என்பது நம்பிக்கை. அமெரிக்கா வந்தவர்கள் மிகுதியும் மேற்கத்தியர் என்பதால் அதை இங்கே தேடிப் பயனில்லை.

‘வரலாற்றுச் சிறப்பு வாய்ந்தது’ என்பது வெறும் அலங்காரச் சொல்லா என்றும் சிலர் ஐயப்படலாம். லாங் வேலித் தேவாலயம் 1980இல் தேசிய வரலாற்று இடப் பதிவேட்டில் இடம்பெற்றது. அந்தப் பதிவேட்டின் விதிகள் கல்லறைகளைப் பொதுவாக ஏற்பதில்லை. ஈடு இணையற்ற ஒருவரின் கல்லறை, மிகுந்த பழமை, தனித்த வடிவமைப்பு, வரலாற்று நிகழ்வோடு உள்ள தொடர்பு என்று சிறப்புக் காரணம் காட்டினால்தான் ஒரு கல்லறை உள்ளே வரும். விதி அப்படிக் கடுமையாக இருப்பது சரியே என்று நினைக்கிறேன். எல்லா ஊரிலும் கல்லறை இருக்கிறது, எல்லாருக்கும் தம் பாட்டனார் பெரியவர்தான். ஆனால் அதன் விளைவாக, கோயிலுக்குப் பட்டயம் கிடைத்துப் பக்கத்துக் கல்லறை அதன் நிழலில் நிற்கும் நிலை பல ஊர்களில் உண்டு. இன்னொரு குறையும் எனக்கு உண்டு. ‘முன்னோடிகள்’ என்று இவர்களைப் புகழும்போது, அதே பள்ளத்தாக்கில் தலைமுறை தலைமுறையாகக் கோடைகளைக் கழித்த பழங்குடி மக்களின் சாவுகளுக்கு அங்கே ஒரு கல்லும் இல்லை என்பது பேச்சில் வருவதே இல்லை. நிலம் யாருடையது என்ற கேள்வியைக் கேட்கத் தொடங்கினால் அதைப் பாதியில் நிறுத்த முடியாது.

பராமரிப்பும் அந்தக் கேள்வியின் தொடர்ச்சியே. நிறுவியவர்களின் பேரப்பிள்ளைகள் நகரங்களுக்குப் போய்விட்டார்கள், பின்னிஷ் மொழி வழிபாட்டிலிருந்து மறைந்துவிட்டது. பல இடங்களில் சபை கலைந்து, கல்லறைச் சங்கம் மட்டும் மிஞ்சி, அதுவும் தளர்ந்தபின் உள்ளாட்சியிடம் பொறுப்பு போய்ச் சேர்கிறது. ஐடஹோவில் இதற்கென்றே வரி வசூலிக்கும் உரிமையுள்ள கல்லறைப் பராமரிப்பு மாவட்டங்கள் சட்டப்படி இயங்குகின்றன. மே மாத இறுதியில் வரும் நினைவு நாளையொட்டி உறவினர்கள் கூடிப் புல் வெட்டி, பூ வைத்துப் போவது அமெரிக்க நாட்டுப்புறமெங்கும் உள்ள வழக்கம். பங்குப் போதகர் ஒருவரின் பொறுப்பாக இருந்த நிலம், குடியேறிகளின் சங்கத்துக்கு வந்து, இப்போது வரி செலுத்தும் எல்லோருடையதாகவும் ஆகிக்கொண்டிருக்கிறது.

மீண்டும் போவீர்களானால் ஜூன் முதல் செப்டம்பர் வரை போங்கள். மற்ற மாதங்களில் பனி கற்களை மூடியிருக்கக்கூடும். காலையிலோ மாலையிலோ வெயில் சாய்ந்து விழும்போது படம் எடுத்தால், தேய்ந்த எழுத்துகளின் நிழல் தெளிவாகத் தெரியும். பாசியைக் கம்பித் தூரிகையால் தேய்ப்பதும், எழுத்தின் மேல் சுண்ணாம்புக் கட்டி பூசுவதும், வெளுக்கும் மருந்து ஊற்றுவதும் கல்லைக் கெடுக்கும். பிறந்த பங்கின் பெயர் பொறித்த கல் கண்ணில் பட்டால் அதை முழுமையாகப் படியெடுத்துக்கொள்ளுங்கள். புறப்படும் முன் பலர் பங்குப் போதகரிடம் சான்றிதழ் பெற்றுப் போனார்கள். ஆனால் அமெரிக்காவில் இறந்த செய்தி ஊருக்குப் போய்ச் சேரவில்லை என்றால், பங்கு ஏட்டில் அவர்கள் பெயர் அடுத்தடுத்த புத்தகங்களுக்குப் பெயர்த்து எழுதப்பட்டு, ‘அமெரிக்காவில்’ என்ற குறிப்போடு, இறந்த நாளுக்குரிய கட்டம் காலியாகவே பல பத்தாண்டுகள் நீடித்தது. பின்லாந்தின் தேசிய ஆவணக் காப்பகம் அந்தப் பழைய ஏடுகளில் பெரும்பகுதியை இப்போது இணையத்தில் திறந்து வைத்திருக்கிறது. அந்தக் கட்டத்தில் எழுத வேண்டிய தேதி, நீங்கள் படிக்க முடியாமல் விட்டுவந்த கற்களில் ஒன்றில் இருக்கலாம்.